கடனும் கூரையும் – 12: கர்டே கிராமத்திலிருந்து விமான் நகர் வரை

அமெரிக்க உள்நாட்டுப் போர் நடந்த 1861 முதல் 1865 வரையிலான ஆண்டுகளில் தக்காணத்துப் பருத்தியின் விலை ஏறியதும், போர் முடிந்தவுடன் அது சரிந்ததும், 1867இல் தொடங்கிய மறுதீர்வை பல தாலுகாக்களில் நிலவரியை ஐம்பது விழுக்காட்டுக்கு மேல் உயர்த்தியதும், கடன் பத்திரத்தின் ஆயுளை மூன்றாண்டாகச் சுருக்கிய 1859ஆம் ஆண்டின் காலவரம்புச் சட்டம் குடியானவருக்குப் பயன்படாமல், வட்டியை அசலோடு சேர்த்துப் புதுப் பத்திரம் எழுதிக்கொள்ளும் வாய்ப்பாக வட்டிக்குக் கடன் கொடுத்த சாவுகார்களுக்குப் பயன்பட்டதும் முந்தைய பகுதிகளில் விவரிக்கப்பட்டன. 1875 மே 12 அன்று பூனா (இன்றைய புனே) மாவட்டத்தின் சுபா என்னும் ஊரில், சந்தை கூடிய நாளில், கணக்குப் புத்தகங்களும் பத்திரங்களும் தெருவில் எரிந்த காட்சியோடு சென்ற வாரப் பகுதி முடிந்தது.

சுபாவின் தீயைப் பற்றி எழுதாத வரலாற்று நூல் இல்லை எனலாம். அதற்கு ஐந்து மாதம் முன்பு, வேறொரு தாலுகாவில் இடிக்கப்பட்ட ஒரு வீட்டைப் பெரும்பாலான நூல்கள் ஒரு வரியில் கடந்துவிடுகின்றன. திவாலாகும் கடனாளியின் குடியிருப்பு வீட்டை யார் காப்பது, எந்த அளவுக்குக் காப்பது என்ற கேள்விக்கு இந்தியச் சட்டம் தேடிய விடைகளை அந்த வீட்டிலிருந்து தொடங்கிப் பார்ப்பதே பொருத்தம்.

ஒரு வீடு இடிகிறது

புனேயிலிருந்து, முன்னர் அகமதுநகர் எனப்பட்ட அகில்யாநகரை நோக்கிச் செல்லும் நகர் சாலை, இன்றைய விமான் நகரின் ஓரமாகச் சென்று, வாகோலியையும் ஷிக்ராபூரையும் கடந்து ஷிரூரை அடைகிறது. அந்த ஷிரூர் தாலுகாவில் உள்ளது கர்டே கிராமம்.

1874 டிசம்பரில் கர்டேயின் காலூராம் என்ற மார்வாடிச் சாவுகார், தன்னிடம் 150 ரூபாய் கடன்பட்டிருந்த பாபா சாகேப் தேஷ்முக் என்பவர் மீது நீதிமன்றத் தீர்ப்பாணை பெற்றார். தேஷ்முக் ஊரில் மதிப்புள்ள குடும்பத்தைச் சேர்ந்தவர். தீர்ப்பாணையை நிறைவேற்றும் உரிமை காலூராமுக்கு இருந்ததில் ஐயமில்லை. 1859ஆம் ஆண்டின் உரிமையியல் நடைமுறைச் சட்டப்படி, கடனாளியின் நிலத்தைப் போலவே அவர் குடியிருந்த வீடும் ஜப்திக்கு, அதாவது தீர்ப்புத் தொகையை வசூலிக்க நீதிமன்றம் சொத்தைக் கைப்பற்றி ஏலமிடும் நடவடிக்கைக்கு, உட்பட்டதாகவே இருந்தது.

காலூராம் வீட்டைக் கைப்பற்றியதோடு நிற்கவில்லை. ஊரார் பார்த்துக்கொண்டிருக்கையிலேயே அதை இடிக்கத் தொடங்கினார்.

ஏன் இடிக்க வேண்டும் என்ற கேள்விக்குப் பகையும் செருக்கும் விடையாகச் சொல்லப்படுவதுண்டு. அவை இருந்திருக்கலாம். எனினும் மழை குறைந்த, மரம் அரிதான அந்த வறண்ட நிலப்பகுதியில் ஒரு கிராமத்து வீட்டை வாங்க ஆள் கிடைப்பதைவிட, அதன் உத்தரத்தையும் தூணையும் கதவையும் வாங்க ஆள் கிடைப்பது எளிது என்பதையும் சேர்த்தே எண்ண வேண்டும். கடன் கொடுத்தவருக்குச் சில ரூபாய் பெறுமானமுள்ள மரமாகத் தெரிந்தது, குடியிருந்தவருக்கு முழு வீடு. இந்த இரு மதிப்புகளுக்கும் இடையிலான தொலைவே, பிற்காலத்தில் உலகெங்கும் குடியிருப்பு வீட்டு விலக்கு என்ற சட்டக் கருத்துக்குச் சொல்லப்பட்ட முதன்மையான நியாயம்.

இடிபட்ட வீட்டைக் கண்ட கர்டே ஊரார் கல்லெடுக்கவில்லை. கூடிப் பேசிச் சாவுகார்களை விலக்கி வைத்தார்கள். சாவுகார்களின் கடையில் வாங்குவது நின்றது. அவர்கள் நிலத்தை உழ ஆள் போகவில்லை. நாவிதரும் வண்ணாரும் தச்சரும் கொல்லரும் அவர்கள் வீட்டுப்படி ஏறவில்லை. சாவுகார்கள் காவலர் துணையோடு தாலுகாத் தலைநகருக்குக் குடிபெயர வேண்டியதாயிற்று. இந்தப் புறக்கணிப்பு மற்ற ஊர்களுக்கும் பரவி, மே மாதத்தில் சுபாவில் தீயாக மாறியது.

பொருள்கள் மட்டும்

கலவரத்தை ஆராய அமைக்கப்பட்ட தக்காணக் கலவர ஆணையத்தின் அறிக்கை 1878இல் பிரிட்டிஷ் நாடாளுமன்றத்தின் முன் வைக்கப்பட்டது. அதற்கு ஓராண்டு முன்னரே, 1877இல், நாடு முழுமைக்குமான புதிய உரிமையியல் நடைமுறைச் சட்டம் இயற்றப்பட்டு, எவை எவை ஜப்தி செய்யப்படலாகாது என்ற பட்டியல் அதன் 266ஆம் பிரிவில் இடம்பெற்றது. அந்தப் பட்டியலில், விவசாயிக்குச் சொந்தமாகி அவரே குடியிருக்கும் வீட்டின் கட்டுமானப் பொருள்களும் சேர்க்கப்பட்டன.

சட்டம் சொன்னது பொருள்களை. உத்தரத்தையும் ஓட்டையும் பிடுங்கி விற்க முடியாது; ஆனால் வீடு, வீடாகவே, ஏலத்துக்குப் போகுமா போகாதா என்பதைச் சொற்கள் தெளிவாகச் சொல்லவில்லை. பொருள்களைத் தொடக் கூடாதென்றால் அவற்றாலான வீட்டையும் தொடக் கூடாது என்று வாதிடவும், அவ்வாறு கருதியிருந்தால் சட்டம் வீடு என்றே எழுதியிருக்குமே என்று எதிர்வாதம் செய்யவும் இடமிருந்தது. இத்தகைய அரைகுறை வரிகள் வழக்கறிஞர்களுக்கு முப்பதாண்டு வேலை கொடுப்பது வழக்கம், இதுவும் கொடுத்தது.

தக்காணத்துக்கு மட்டுமான மருந்து 1879இல் வந்தது. 1876 முதல் 1878 வரை நீடித்த பெரும் பஞ்சம் கிராமங்களை உலுக்கியிருந்தது. 1879இல் வாசுதேவ் பல்வந்த் பட்கேயின் ஆயுதக் கிளர்ச்சி பூனாவைச் சுற்றியிருந்த மலைப்பகுதிகளில் எழுந்து அடக்கப்பட்டிருந்தது. இன்னொரு சுபாவைத் தாங்கும் மனநிலையில் அரசு இல்லை. பூனா, சதாரா, சோலாப்பூர், அகமதுநகர் ஆகிய நான்கு மாவட்டங்களுக்கென இயற்றப்பட்ட தக்காண விவசாயிகள் நிவாரணச் சட்டம், பத்திரத்தில் எழுதியிருப்பதை அப்படியே ஏற்காமல் கடனின் முழு வரலாற்றையும் தோண்டிப் பார்க்க நீதிபதிக்கு அதிகாரம் அளித்தது. பணக் கடனுக்காக விவசாயியைச் சிறையிலடைப்பதை ஒழித்தது. சிறு கடனாளியும் நீதிமன்றத்தில் திவால் மனு கொடுக்க வழி செய்தது.

இந்தத் தொடரைப் பொறுத்தவரை, முழுச் சட்டத்திலும் கனமானது 22ஆம் பிரிவு. விவசாயியின் அசையாச் சொத்து எதையும், அது குறிப்பிட்ட அந்தக் கடனுக்காகவே அடமானம் வைக்கப்பட்டிருந்தாலன்றி, ஜப்தி செய்யவோ விற்கவோ கூடாது என்று அது விதித்தது. கர்டேயில் நடந்தது இனி அந்த வடிவில் நடக்க முடியாது.

ஆனால் "அடமானம் வைக்கப்பட்டிருந்தாலன்றி" என்ற தொடரில் கதவு திறந்தே இருந்தது. வெறும் கைநாட்டுப் பத்திரத்துக்குக் கடன் கொடுத்துவந்த சாவுகார் இனி அடமானம் கேட்டார். சிலர் அதையும் தாண்டி, கடனையே விற்பனைப் பத்திரமாக எழுதி வாங்கினர். வெளித்தோற்றத்தில் விற்பனையாக இருக்கும் பத்திரத்தின் உண்மைத் தன்மையை நீதிமன்றம் ஆராயலாம் என்று பின்னர் திருத்தம் கொண்டுவர வேண்டியிருந்தது.

டெக்சாஸ் போன வழி

கர்டேக்கு 35 ஆண்டுகள் முன்பே, இதே கேள்விக்கு வேறொரு நிலத்தில் வேறொரு விடை கிடைத்திருந்தது. 1837ஆம் ஆண்டின் நிதி நெருக்கடியில் கடனாளியாகி அமெரிக்காவின் தென் மாநிலங்களிலிருந்து ஓடிவந்தவர்கள் நிறைந்திருந்த டெக்சாஸ் குடியரசு, 1839 ஜனவரி 26 அன்று இயற்றிய சட்டத்தின் மூலம், ஒவ்வொரு குடிமகன் அல்லது குடும்பத் தலைவரின் 50 ஏக்கர் நிலத்தையோ நகரத்து மனை ஒன்றையோ, அதிலுள்ள வீட்டோடு சேர்த்து, கடனீந்தோரின் கைக்கு எட்டாமல் வைத்தது. அமெரிக்க மாநிலங்கள் ஒன்றன்பின் ஒன்றாக இதைப் பின்பற்றின.

இரண்டு விடைகளுக்கும் உள்ள வேறுபாடு சிறியதன்று. டெக்சாஸ், கடனாளி என்ன தொழில் செய்கிறார் என்று கேட்கவில்லை. குடியிருக்க ஒரு வீடு இருக்கிறதா என்று மட்டும் கேட்டது. இந்தியச் சட்டமோ முதலில் கேட்டது, கடனாளி விவசாயியா என்பதை. கலவரம் செய்தவர் விவசாயி என்பதால் காப்பும் விவசாயிக்கே கிடைத்தது. நகரத்துத் தையற்காரரும் எழுத்தரும் தெருவில் இறங்கிப் பத்திரம் எரிக்கவில்லை. அவர்களுக்கு எதுவும் கிடைக்கவில்லை.

முந்நூறு ரூபாய்

1908இல் இயற்றப்பட்டு இன்றும் நடைமுறையில் இருக்கும் உரிமையியல் நடைமுறைச் சட்டம், பழைய குழப்பத்தைத் தன் 60ஆம் பிரிவில் தீர்த்தது. விவசாயி குடியிருக்கும் வீடும், அதன் பொருள்களும், அது நிற்கும் மனையும், அதை ஒட்டிய தேவையான நிலமும் சேர்ந்தே ஜப்தியிலிருந்து விலக்கப்பட்டன. 1976ஆம் ஆண்டின் திருத்தம் தொழிலாளியையும் வீட்டு வேலையாளையும் இதே வரியில் சேர்த்தது. இந்த விலக்கைத் தனக்கு வேண்டாமென்று கடனாளி எழுதிக்கொடுக்கும் ஒப்பந்தமும் செல்லாது. ஆகவே கடனாளி தன் வீட்டுக் காப்பை எழுதிக் கொடுத்து இழக்க முடியாது. அடமானம் வைத்து இழக்கலாம்.

திவால் சட்டம் அப்போது இரண்டாகப் பிரிந்திருந்தது. பம்பாய், கல்கத்தா, மதராஸ் ஆகிய மூன்று மாநகரங்களுக்கு 1909ஆம் ஆண்டின் சட்டம். பூனா உள்ளிட்ட மற்ற ஊர்களுக்கு 1920ஆம் ஆண்டின் மாகாண நொடிப்புச் சட்டம். பின்னது, நடைமுறைச் சட்டம் ஜப்தியிலிருந்து விலக்கிய எதுவும் திவாலானவரின் சொத்தாகக் கருதப்படாது என்றதால், பூனா மாவட்டத்து விவசாயியின் வீடு திவாலிலும் தப்பியது. முன்னதோ மாநகரத்துத் திவாலாளிக்கும் அவர் மனைவி மக்களுக்கும் தொழிற்கருவி, உடுதுணி, படுக்கை, சமையல் பாத்திரம், தட்டுமுட்டுச் சாமான் எல்லாம் சேர்த்து 300 ரூபாய்க்கு மேற்படாமல் விட்டுவைத்தது. அந்த விலக்கில் வீட்டுக்கு இடமில்லை. மயிலாப்பூரில் சொந்த வீடு வைத்திருந்து நொடித்த வணிகருக்கு எஞ்சியது பாத்திரமும் பாயும்தான்.

தொழில் பாராமல் வீட்டைக் காக்கும் முயற்சி இந்தியாவில் நடக்கவே இல்லை என்று சொல்ல முடியாது. 1934ஆம் ஆண்டின் பஞ்சாப் கடன் நிவாரணச் சட்டத்தைத் தொடர்ந்து, அந்த மாகாணத்தில் விவசாயி அல்லாத கடனாளி குடியிருக்கும் ஒரு முதன்மை வீடு 60ஆம் பிரிவின் பட்டியலில் தனி வரியாகச் சேர்க்கப்பட்டது. அங்கும் அடமானம் வைத்த வீட்டுக்குக் காப்பில்லை. இருந்தாலும், அம்பாலாவின் ஆசிரியருக்குக் கிடைத்த பாதுகாப்பு பூனாவின் ஆசிரியருக்குக் கிடைக்கவில்லை என்பது, கர்டேயின் மண்ணிலிருந்து பார்க்கையில் விந்தையாகவே படுகிறது.

வயல் அடுக்ககமானபோது

1939இல் இன்றைய விமான் நகரை ஒட்டிய லோஹேகாவில் விமானத்தளம் அமைந்தபோது அதைச் சுற்றியிருந்தவை பெரும்பாலும் வயலும் மேட்டுநிலமும். அவ்விடத்தில் வாழ்ந்த குடியானவர், 1879இன் கணக்குப்படியும் 1908இன் கணக்குப்படியும், வீட்டுக் காப்புக்கு முழுத் தகுதி பெற்றவர். பின்னர் நகரம் நகர் சாலையோடு கிழக்கே விரிந்தது. வயல்கள் மனைகளாகி, மனைகள் அடுக்ககங்களாகி, விமான் நகர் உருவாயிற்று. தகவல் தொழில்நுட்ப அலுவலகங்களும் கல்லூரிகளும் வணிக வளாகங்களும் நிறைந்த இப்பகுதியில் இன்று வீடு வைத்திருப்பவர்களில் பெரும்பாலோர் மாதச் சம்பளக்காரர்கள், சிறுதொழில் நடத்துபவர்கள்.

அவர்களில் எவரும் 60ஆம் பிரிவின் விவசாயி அல்லர். நிலத்தை விற்றுவிட்டு வாடகையில் வாழும் பழைய குடும்பத்தாரும் அல்லர். அந்த விலக்கைக் கோருபவர் உழவை நம்பியே உண்மையில் வாழ்பவராக இருக்க வேண்டும் என்று உச்ச நீதிமன்றம் அறுபதுகளின் தொடக்கத்திலேயே தெளிவாக்கிவிட்டது. மண் அதே மண்தான். அதன்மேல் இருந்த காப்பு, பயிரோடு போய்விட்டது.

போதாததற்கு, 2002ஆம் ஆண்டின் சர்ஃபேசி சட்டம், அடமானம் பெற்ற வங்கி நீதிமன்றம் செல்லாமலேயே, 60 நாள் அறிவிப்புக் கொடுத்து, வீட்டைக் கைப்பற்றி விற்க வழிசெய்தது. அதே சட்டம் விவசாய நிலத்தைத் தன் பிடியிலிருந்து விலக்கி வைத்தது. நகரத்து வீட்டுக்குக் கடனாளி செய்யக்கூடியது, 45 நாளுக்குள் கடன் மீட்புத் தீர்ப்பாயத்தில் முறையிடுவது.

2019 டிசம்பர் 1

2016 மே 28 அன்று குடியரசுத் தலைவரின் ஒப்புதல் பெற்ற நொடிப்பு மற்றும் திவால் சட்டத் தொகுப்பு, 1909, 1920 ஆகிய இரு பழைய சட்டங்களையும் அகற்றி, தனிநபர் திவாலுக்கு நாடு முழுவதும் ஒரே விதி என்ற நோக்கோடு எழுதப்பட்டது. அதன் 79ஆம் பிரிவு, திவாலானவரின் சொத்துத் தொகுதியில் சேராதவற்றை எண்ணிச் சொல்கிறது: தொழிலுக்கும் அன்றாடத் தேவைக்குமான கருவிகள், புத்தகங்கள், வாகனம், வீட்டுச் சாமான், சமய வழக்கப்படி பிரிய முடியாத அணிகலன், அதாவது நடைமுறையில் தாலி போன்றவை, ஆயுள் காப்பீடும் ஓய்வூதியமும், இறுதியாக, கடனாளிக்குச் சொந்தமான ஒரே ஒரு குடியிருப்பு.

இந்தியத் திவால் சட்டத்தில் முதன்முறையாக, நாடு தழுவிய அளவில், கடனாளியின் தொழிலைக் கேட்காமல் வீடு காக்கப்பட்டது. கர்டேக்குப் பிறகு இத்தனை ஆண்டுகளில் டெக்சாஸுக்கு மிக அருகே இந்தியச் சட்டம் வந்த இடம் இதுவே.

ஆனால் ஒவ்வொரு வரியிலும் ஒரு நிபந்தனை ஒட்டிக்கொண்டிருந்தது: வில்லங்கம் இல்லாததாக இருக்க வேண்டும். வீட்டின் மேல் அடமானமோ வேறு பொறுப்போ இருந்தால் விலக்கு இல்லை. 1879இல் திறந்திருந்த அதே கதவு 2016இலும் மூடப்படவில்லை. வீட்டின் மதிப்பு வரம்பை விதிகள் பின்னர் நிர்ணயிக்கும் என்றும் சொல்லப்பட்டது.

தனிநபர் பகுதி எல்லோருக்குமாக நடைமுறைக்கு வரவில்லை. நிறுவனங்களின் கடனுக்குத் தனிப்பட்ட உத்தரவாதம் அளித்தவர்களுக்கு மட்டும் 2019 டிசம்பர் 1 முதல் நடைமுறைக்கு வந்தது. அவ்வாறு ஒரு பிரிவினருக்கு மட்டும் கொண்டுவந்தது செல்லும் என்று 2021 மே 21 அன்று லலித் குமார் ஜெயின் வழக்கில் உச்ச நீதிமன்றம் தீர்ப்பளித்தது. மற்றவர்களுக்கு 1909உம் 1920உம் தொடர்கின்றன. உத்தரவாதம் அளித்தவர்களுக்கென வந்த 2019ஆம் ஆண்டின் விதிகள்தான் மதிப்பைச் சொல்லின: அணிகலனுக்கு ஒரு லட்சம் ரூபாய்; வீடு நகரப் பகுதியில் இருந்தால் 20 லட்சம், கிராமப் பகுதியில் இருந்தால் 10 லட்சம்.

விமான் நகரில் இரு படுக்கையறை கொண்ட வீடு எதுவும் அந்த விலைக்குள் அடங்குவதில்லை. சிறு நிறுவனம் ஒன்றின் இயக்குநர், நிறுவனம் வாங்கிய வங்கிக் கடனுக்கு உத்தரவாதக் கையெழுத்திட்டு, பின்னர் நிறுவனம் நொடித்தால், அவர் தன் சொத்துகளை அறிவிக்கும்போது வீட்டை விலக்குச் சொத்தாகக் கோர மூன்று தடைகளைத் தாண்ட வேண்டும்: அது அவருடைய ஒரே வீடாக இருக்க வேண்டும், வீட்டுக் கடன் முழுவதும் அடைந்திருக்க வேண்டும், மதிப்பு 20 லட்சத்தைத் தாண்டக் கூடாது. முதல் இரண்டையும் தாண்டுபவரும் மூன்றாவதில் விழுவார்.

நகரத்தாருக்கு நேர்ந்ததைவிட விந்தையானது கிராமத்தில் நேர்ந்தது. 60ஆம் பிரிவில் விவசாயியின் வீட்டுக்கு மதிப்பு வரம்பே இல்லை. அதே விவசாயி வேளாண் நிறுவனமொன்றின் கடனுக்கு உத்தரவாதம் தந்து புதிய சட்டத்தின்கீழ் வந்தால், 79ஆம் பிரிவின் பட்டியல் நடைமுறைச் சட்டத்தைக் குறிப்பிடாததால், அவர் வீட்டை அளக்கும் கோல் 10 லட்சமாகிறது. பாபா சாகேப் தேஷ்முக்கின் ஊரில் சற்றே வசதியாகக் கட்டிய ஒரு வீடு அந்த அளவைத் தாண்டிவிடும். பொதுச்சட்டம் என்ற பெயரில் பழைய காப்பைச் சுருக்கிய இந்த இடத்தில் சட்டம் எழுதியவர்கள் கவனக்குறைவாக இருந்தார்கள் என்றே கருத வேண்டியிருக்கிறது.

மிகச் சிறிய கடனாளிகளுக்கென அதே தொகுப்பில் புதுத் தொடக்கம் என்ற தனி வழி எழுதப்பட்டுள்ளது. ஆண்டு வருமானம் 60,000 ரூபாய்க்கும் கடன் 35,000 ரூபாய்க்கும் மேற்படாதவர்கள் கடன் தள்ளுபடி கோரலாம். இன்னும் நடைமுறைக்கு வராத அந்த வழியில், வில்லங்கம் உள்ளதோ இல்லாததோ, சொந்தமாக ஒரு குடியிருப்பு இருந்தாலே மனுதாரர் தகுதி இழக்கிறார். கடன் நீங்க வேண்டுமானால் கூரை இருக்கலாகாது.

விடையில்லாத இடம்

அமெரிக்கத் திவால் சட்டத்தின் 522ஆம் பிரிவு, வீட்டில் கடனாளிக்குள்ள உரிமையில் ஒரு தொகையைக் காக்கிறது. வீட்டின் விலை அதைவிடக் கூடுதலாக இருந்து, திவால் சொத்தை நிர்வகிக்கும் பொறுப்பாளர் அதை விற்றாலும், காக்கப்பட்ட தொகை கடனாளியின் கைக்கே வந்து, அவர் வேறு கூரை தேட உதவுகிறது. இந்திய விதியோ வீட்டின் மதிப்பு 20 லட்சத்தை மீறக் கூடாது என்று மட்டும் சொல்கிறது. மீறினால் முழு வீடும் போய்விடுமா, அல்லது விற்ற பணத்தில் 20 லட்சம் திரும்ப வருமா என்பதையோ, எந்த நாளின் மதிப்பை, யார் கணிப்பது என்பதையோ விதியின் சொற்கள் சொல்லவில்லை.

வில்லங்கம் ஏதுமில்லாத, 80 லட்சம் ரூபாய் பெறுமானமுள்ள விமான் நகர் வீடு ஒன்று திவாலில் விற்கப்பட்டால், அதில் குடியிருந்த குடும்பத்துக்கு 20 லட்சம் ரூபாய் உண்டா, ஒரு ரூபாயும் இல்லையா? இந்தக் கேள்வி முதலில் போய் நிற்கும் தீர்ப்பாயங்களைப் பற்றி அடுத்த வாரம்.